மார்கரேதே ஃபொன் ட்ரொட்டா: நடிகை, எழுத்தாளர், இயக்குநர் – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஜெர்மன் சினிமா பற்றிப் பேச்சு எழுந்தால் ஃபாஸ்பிண்டர், ஹெர்சாக், வெண்டர்ஸ் ஆகிய மூன்று இயக்குநர்களோடு நிறுத்திக்கொள்கிறவர்கள்தான் அதிகம். மார்கரேதே ஃபொன் ட்ரொட்டாவின் பெயரைச் சொன்னதும் ஏறக்குறைய ஒரே கேள்விகள்தான் திரும்பத் திரும்ப வருகின்றன. கேட்டவர்கள் கேட்டபடியே அவற்றை இங்கே தொகுத்திருக்கிறோம். முதலில் எளியவை, போகப்போகச் சிக்கலானவை.

இவங்க பேரை எப்படிச் சொல்றது? சில இடத்துல "வான் டிராட்டா"ன்னு பார்த்தேனே?

ஜெர்மன்காரர்கள் சொல்வதற்கு நெருக்கமாக எழுதினால் "ஃபொன் ட்ரொட்டா". "வான்" என்பது ஆங்கிலத்தில் படித்ததைத் தமிழாக்கியதால் வந்தது. பழைய கட்டுரைகளைத் தேடும்போது இரண்டு விதமாகவும் தேடிப் பாருங்கள்.

"ஃபொன்" பிரபுக் குடும்பத்துப் பெயர்களில் வரும் ஒட்டு. அது தாய்வழிப் பெயர். தாய் எலிசபெத் ஃபொன் ட்ரொட்டா மாஸ்கோவில் பிறந்தவர், பால்டிக் பகுதியில் வாழ்ந்த ஜெர்மானியப் பிரபு குடும்பத்தைச் சேர்ந்தவர். தந்தை ஆல்ஃபிரட் ரோலோஃப் ஓவியர். இருவரும் மணம் செய்துகொள்ளவில்லை, அதனால் மகளுக்குத் தாயின் பெயரே நிலைத்தது. பெயரில் பிரபுத்துவம் இருந்ததே தவிர வீட்டில் வசதி இல்லை. திருமணம் ஆகும்வரை எந்த நாட்டுக் குடியுரிமையும் இல்லாமல், வெளிநாட்டவருக்குத் தரும் பாஸ்போர்ட்டை வைத்துக்கொண்டுதான் இருந்தார்.

சுருக்கமாச் சொல்லுங்க, யார் இவங்க?

1942 பிப்ரவரி 21 அன்று பெர்லினில் பிறந்து டுசல்டோர்ஃபில் வளர்ந்தவர். 1960களில் மேடை நடிகை, 1970 வாக்கில் "புதிய ஜெர்மன் சினிமா" என்று பெயர்பெற்ற இளம் இயக்குநர்கள் இயக்கத்தின் நடிகை. 1971லிருந்து திரைக்கதை எழுதுகிறார். 1975இல் இன்னொருவரோடு சேர்ந்து ஒரு படம், 1978இல் தனியாக முதல் படம், 1981இல் வெனிஸ் திரைப்பட விழாவின் உயர்ந்த விருதான தங்கச் சிங்கம். 2023இல்கூட பெர்லின் விழாவின் போட்டிப் பிரிவில் அவருடைய புதிய படம் இருந்தது. அப்போது அவருக்கு வயது 81.

திரைப்படக் கல்லூரியில படிச்சாங்களா?

இல்லை. இளம் வயதில் பாரிஸ் போனார். பிரெஞ்சுப் புதிய அலைப் படங்களையும் சுவீடன் இயக்குநர் இங்மார் பெர்க்மனின் "ஏழாவது முத்திரை"யையும் அங்கேதான் பார்த்தார். படம் இயக்க வேண்டும் என்ற ஆசை அப்போதே வந்துவிட்டது. ஆனால் 1960களின் தொடக்கத்தில் மேற்கு ஜெர்மனியில் ஒரு பெண் இயக்குநராவதற்கு வழியே கிடையாது. பெர்லினிலும் மூனிக்கிலும் திரைப்படப் பள்ளிகள் அந்தப் பத்தாண்டின் நடுவில்தான் தொடங்கின.

அதனால் திறந்திருந்த வாசல் வழியாக நுழைந்தார். மூனிக்கில் நடிப்புப் பயின்று டின்கல்ஸ்பூல், ஷ்டுட்கார்ட், ஃபிராங்க்ஃபுர்ட் நகர நாடக அரங்குகளில் நடித்தார். நடிப்பு அவருக்குச் சினிமாவுக்குள் போகும் வழியாக இருந்தது. இதை மனதில் வைத்துக்கொண்டால் கீழே வரும் பாதிக் கேள்விகளுக்குப் பதில் தானாகவே கிடைக்கும்.

ஃபாஸ்பிண்டர் படங்கள்ல நடிச்சிருக்காங்களாமே, எதைப் பார்த்தா நல்லாத் தெரியும்?

"கொள்ளைநோயின் தெய்வங்கள்" (1970), "அமெரிக்கச் சிப்பாய்" (1970), "புனித வேசியைப் பற்றி ஓர் எச்சரிக்கை" (1971) ஆகிய மூன்றிலும் நடித்திருக்கிறார். முதல் படத்தில்தான் வேடம் பெரியது. ஆனால் ஒன்றுதான் பார்க்க முடியும் என்றால் "அமெரிக்கச் சிப்பாய்" பாருங்கள். அதில் அவர் ஓட்டல் பணிப்பெண். கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து, பக்கத்தில் நடப்பதற்கும் தனக்கும் தொடர்பே இல்லாததுபோல், ஒரு கதை சொல்கிறார். வயதான துப்புரவுத் தொழிலாளி எம்மி, தன்னைவிட மிக இளையவனான அலி என்ற வெளிநாட்டுத் தொழிலாளியை மணக்கிறாள், கடைசியில் கொலையாகிக் கிடக்கிறாள். குரலில் ஏற்ற இறக்கமே இல்லாமல் சொல்வார், கேட்கிற நமக்கு முதுகு சில்லிடும்.

நான்கு ஆண்டு கழித்து, 1974இல், ஃபாஸ்பிண்டர் அந்தக் கதையின் முடிவை மாற்றித் தனிப் படமாகவே எடுத்தார். உலகம் முழுக்கப் போன "அச்சம் ஆன்மாவைத் தின்னும்" அதுதான். அந்தக் கதை திரையில் முதலில் ஒலித்தது ஃபொன் ட்ரொட்டாவின் வாய்வழியாக.

பிரெக்ட் நாடகத்துல நடிச்ச படம் ஒண்ணு ரொம்ப நாள் கிடைக்கலையே, அது எது?

"பாஅல்". ஜெர்மன் நாடகாசிரியர் பிரெக்டின் நாடகத்தை 1970இல் இயக்குநர் ஃபோல்கர் ஷ்லோன்டோர்ஃப் (அடுத்த ஆண்டு ஃபொன் ட்ரொட்டாவின் கணவரானவர்) தொலைக்காட்சிக்காக எடுத்தது. கவிஞன் பாஅலாக ஃபாஸ்பிண்டர், சோஃபியாக ஃபொன் ட்ரொட்டா. ஒளிபரப்பானதைப் பார்த்த பிரெக்டின் மனைவி ஹெலனெ வைகல் மறுபடி காட்டத் தடை போட்டுவிட்டார். 2014 பெர்லின் விழாவில்தான் திரும்ப வெளிச்சத்துக்கு வந்தது. அதற்கு முன்பு எழுதப்பட்ட நூல்களில் இந்தப் படத்தைப் பற்றி ஒரு வரிக்கு மேல் இல்லாததற்குக் காரணம் இதுதான்.

நடிகையா இருந்தவங்க திடீர்னு எப்படி இயக்குநர் ஆனாங்க?

"திடீர்" என்பதே தவறு. நடிப்புக்கும் இயக்கத்துக்கும் நடுவில் ஏழு ஆண்டு எழுத்து இருக்கிறது. படிப்படியாகப் பாருங்கள்.

1971: "கோம்பாக் ஏழைகளின் திடீர்ச் செல்வம்" படத்துக்கு ஷ்லோன்டோர்ஃபோடு சேர்ந்து திரைக்கதை. 1820களில் ஹெஸ்ஸன் பகுதி ஏழைக் குடியானவர்கள் வரிப்பண வண்டியைக் கொள்ளையடித்த உண்மைச் சம்பவம் அது. கையில் காசு வந்ததே அவர்களைக் காட்டிக்கொடுத்துவிடுகிறது. 1972: "வைக்கோல் தீ"யில் எழுத்தும் கதாநாயகி வேடமும். 1975: "கத்தரினா ப்ளூமின் இழந்த மானம்" படத்தில் எழுத்தும் இணை இயக்கமும். 1976: "டெர் ஃபாங்ஷூஸ்" படத்தில் மறுபடி எழுத்தும் நடிப்பும். பிரெஞ்சு எழுத்தாளர் மார்கரித் யூர்சனாரின் நாவலைத் தழுவிய இந்தப் படம் 1919 வாக்கில் பால்டிக் மண்ணில், அதாவது அவருடைய தாயின் குடும்பம் வாழ்ந்த பகுதியில், நடக்கிறது. அவர் நடித்த கடைசிப் பெரிய வேடமும் இதுவே. 1978: எழுத்து, இயக்கம் இரண்டும் தன் பெயரில்.

இந்த வரிசையில் எழுத்தை எடுத்துவிட்டால் பாலம் அறுந்துவிடும். நடிகைக்கு இயக்கத்தை யாரும் தூக்கிக் கொடுக்கவில்லை. அவர் கதையைக் கையில் எடுத்தார், அதற்குப் பிறகே கேமராவுக்குப் பின்னால் இடம் கிடைத்தது.

"வைக்கோல் தீ" அவங்க சொந்த வாழ்க்கைதானா?

மூலப்பொருள் சொந்த வாழ்க்கையிலிருந்து வந்தது: முதல் திருமணத்தின் முறிவு, விவாகரத்து, மகனை யார் வளர்ப்பது என்ற வழக்கு. படத்தில் எலிசபெத் என்ற பெண் கணவனைப் பிரிந்து சொந்தக் காலில் நிற்கப் பார்க்கிறாள். வேலை தேடுகிறாள், பாட்டும் நடனமும் கற்கிறாள், பிள்ளையைத் தன்னிடம் வைத்துக்கொள்ள நீதிமன்றம் ஏறுகிறாள். வைக்கோலில் பற்றிய தீ போல அந்த விடுதலை குப்பென்று எரிந்து அடங்குகிறது.

இன்று பார்ப்பவர்களுக்கு "இதற்கு ஏன் இவ்வளவு போராட்டம்?" என்று தோன்றலாம். அன்றைய மேற்கு ஜெர்மன் சட்டத்தை நினைவில் வைக்க வேண்டும். விவாகரத்து என்றால் யார் குற்றவாளி என்று நீதிமன்றம் தீர்மானிக்கும், அந்தப் பழியைப் பொறுத்தே மற்றது எல்லாம். அது 1977இல்தான் மாறியது. படம் வந்தது 1972. எலிசபெத் சண்டையிடுவது கணவன் ஒருவனோடு மட்டும் அல்ல.

"கத்தரினா ப்ளூம்" படத்தை உண்மையில யார் இயக்கினது? சில பட்டியல்ல கணவர் பேர் மட்டும்தானே இருக்கு?

இருவரும். படத்தின் எழுத்தோட்டத்தில் இயக்கம், திரைக்கதை இரண்டுக்கும் இரண்டு பெயர்களும் உண்டு. ஹைன்ரிஷ் ப்யோலின் 1974 நாவலை அடுத்த ஆண்டே படமாக்கினார்கள். நடிகர்களோடு வேலை செய்வதைப் பெரிதும் ஃபொன் ட்ரொட்டாவும், கேமரா, தொழில்நுட்பப் பக்கத்தை ஷ்லோன்டோர்ஃபும் பார்த்துக்கொண்டார்கள். ஒரு பெயர் மட்டும் உள்ள பட்டியலைப் பார்த்தால் அது பட்டியலின் பிழை.

கதை: வீட்டு வேலை பார்க்கும் இளம்பெண் கத்தரினா, போலீஸ் தேடும் ஒருவனோடு ஓர் இரவைக் கழிக்கிறாள். மஞ்சள் பத்திரிகை ஒன்று அவளைச் சின்னாபின்னமாக்குகிறது. கடைசியில் அந்த நிருபரைச் சுட்டுவிடுகிறாள். நாவலில் இல்லாத முடிவு ஒன்று படத்தில் உண்டு. நிருபரின் சவ அடக்கத்தில் பத்திரிகை முதலாளி எழுந்து நின்று பத்திரிகைச் சுதந்திரம் பற்றிச் சொற்பொழிவாற்றுகிறார். இந்தக் காட்சிக்காகவே படத்தைக் கடைசி நிமிடம்வரை பார்க்க வேண்டும். ஒரு எச்சரிக்கை: 1984இல் அமெரிக்கத் தொலைக்காட்சி இதே கதையை மாற்றி எடுத்தது. கதாநாயகியின் பெயர் கேத்ரின் பெக் என்றிருந்தால் நீங்கள் எடுத்தது அந்தப் படம்.

கணவர் பெரிய இயக்குநர். அவர் தயவுலதானே இவங்க வந்தாங்க?

1971இல் திருமணம், 1991இல் பிரிவு. அந்த உறவு கதவைத் திறக்க உதவியது உண்மை. ஷ்லோன்டோர்ஃப் பங்குதாரராக இருந்த பியோஸ்கோப் நிறுவனமே அவருடைய முதல் படங்களையும் தயாரித்தது. ஆனால் இன்னொரு கணக்கும் உண்டு. அந்தத் தம்பதியின் 1970களின் படங்களில் பெண் பாத்திரங்கள் அப்படி உயிரோடு நிற்பதற்கு அவர் எழுதியதும் நடித்ததும் பெரிய காரணம். "வைக்கோல் தீ"யை அவர் இல்லாமல் நினைத்துப் பார்க்கவே முடியாது. யார் யாருக்குக் கடன்பட்டவர் என்று கேட்டால் இரண்டு பக்கமும் வரவு உண்டு.

இன்னொரு காரணத்தைப் பலரும் மறந்துவிடுகிறார்கள். 1974இல் மேற்கு ஜெர்மனியில் திரைத்துறைக்கும் தொலைக்காட்சிகளுக்கும் ஓர் ஒப்பந்தம் ஏற்பட்டது. தொலைக்காட்சி தயாரிப்புச் செலவில் பங்கு போடும், படம் முதலில் திரையரங்கில் ஓடும், குறிப்பிட்ட காலம் கழித்தே ஒளிபரப்பாகும். புதியவர்களுக்கும் பெண்களுக்கும் பணம் கிடைத்த வழி பெரும்பாலும் இதுதான். ஃபொன் ட்ரொட்டாவின் முதல் படத்திலும் டபிள்யூ.டி.ஆர். தொலைக்காட்சிக்குப் பங்கு உண்டு.

தனியா இயக்குன முதல் படம் எது? அது நிஜக் கதையா?

"கிறிஸ்டா கிளாகெஸின் இரண்டாம் விழிப்பு" (1978). லூயிசா ஃபிரான்சியாவோடு சேர்ந்து எழுதியது. பணமில்லாமல் மூடப்படும் நிலையிலுள்ள குழந்தைகள் காப்பகத்துக்காக ஒரு பெண் வங்கியைக் கொள்ளையடிக்கிறாள். 1970களின் தொடக்கத்தில் மூனிக்கில் நடந்த ஒரு வங்கிக் கொள்ளை வழக்கு இதற்கு வித்து.

கொள்ளையின்போது பணயமாகப் பிடிக்கப்பட்ட வங்கி ஊழியர் லேனாவைக் கவனியுங்கள் (நடித்தவர் கத்தரினா தால்பாக்). அவளுக்கு கிறிஸ்டா மீது தீராத ஆர்வம் பிறக்கிறது. படம் முழுக்கத் தேடித் துருவுகிறாள். கடைசியில் போலீஸ் கிறிஸ்டாவை அவள் முன் நிறுத்தி அடையாளம் காட்டச் சொல்கிறது. இரண்டு பெண்களும் ஒருவரையொருவர் பார்க்கிறார்கள். "இவள் இல்லை" என்கிறாள் லேனா. ஒரு பெண் இன்னொரு பெண்ணைப் பார்க்கும் அந்தப் பார்வையில்தான் படம் முடிகிறது. பின்னால் வந்த அவருடைய படங்களுக்கெல்லாம் இதுவே ஊற்று.

ஒரே படத்துக்கு மூணு நாலு பேர் இருக்கே, எதைத் தேடுறது?

மிகவும் குழப்புவது 1981 படம். மூலத் தலைப்பு "டீ ப்ளையர்னே ட்சைட்", அதாவது ஈயம்போல் கனக்கும் காலம். அமெரிக்காவில் "மரியானே அண்ட் யூலியானே", பிரிட்டனில் "த ஜெர்மன் சிஸ்டர்ஸ்". இத்தாலியில் "ஈய ஆண்டுகள்" என்ற பொருளில் வெளியானது. மூன்று வெவ்வேறு படங்கள் என்று நினைத்துத் தேடுகிறவர்கள் உண்டு. எல்லாம் ஒன்றே.

1983இல் வந்த "ஹெல்லர் வான்" (நடித்தவர்கள் ஹன்னா ஷிகுல்லா, அங்கேலா விங்க்லர்) அமெரிக்காவில் "ஷியர் மேட்னஸ்", பிரிட்டனில் "ஃபிரண்ட்ஸ் அண்ட் ஹஸ்பண்ட்ஸ்". ஆங்கிலத் தலைப்பை நம்பாமல் மூலத் தலைப்பையும் ஆண்டையும் சேர்த்துத் தேடினால் தவறு வராது.

"ஈய காலம்"னா தீவிரவாதம் நடந்த 1970களைத்தானே சொல்றாங்க?

பலரும் இப்படித்தான் எடுத்துக்கொள்கிறார்கள், ஆனால் இல்லை. தலைப்பு ஹோல்டர்லின் என்ற கவிஞரின் வரியிலிருந்து வந்தது. ஃபொன் ட்ரொட்டா அதில் குறித்தது 1950களை, தானும் தன் தலைமுறையும் வளர்ந்த ஆண்டுகளை. நாஜிக் காலத்தைப் பற்றிப் பெற்றோர் வாய் திறக்காத அந்த மௌனத்தின் கனம்தான் ஈயம். படத்தில் பாதிரியாரின் இரண்டு மகள்களும் வதைமுகாம்கள் பற்றிய அலென் ரெனேயின் ஆவணப்படத்தைப் பார்க்கிறார்கள். பார்க்க முடியாமல் எழுந்து வெளியே ஓடி வாந்தியெடுக்கிறார்கள். 1970கள் எங்கே விதைக்கப்பட்டன என்பதற்கு அந்த ஒரு காட்சி போதும்.

குழப்பத்துக்குக் காரணம் இத்தாலி. இத்தாலியத் தலைப்பு அங்கே குண்டுவெடிப்புகளும் கொலைகளும் நிறைந்த 1970களைக் குறிக்கும் சொல்லாகவே நிலைத்துவிட்டது.

இது பயங்கரவாதிக்குப் பரிஞ்சு பேசுற படமா?

கதையின் அடித்தளம் குட்ருன் என்ஸ்லின், கிறிஸ்டியானே என்ஸ்லின் என்ற சகோதரிகள். குட்ருன், மேற்கு ஜெர்மனியில் ஆயுதம் ஏந்திய இடதுசாரிக் குழுவான செம்படைப் பிரிவின் தலைவர்களில் ஒருவர். 1977 அக்டோபர் 18 அன்று ஷ்டம்ஹைம் சிறையில் இறந்தார். அந்த அடக்கத்தின்போதுதான் ஃபொன் ட்ரொட்டா கிறிஸ்டியானேயைச் சந்தித்தார். படம் அவருடனான பேச்சுகளிலிருந்து வளர்ந்தது, அவருக்கே காணிக்கையும் ஆனது.

படம் முழுக்க உயிரோடு இருக்கும் அக்கா யூலியானேயின் பக்கம் நின்றுதான் நகர்கிறது. ஒரு குண்டுவெடிப்பைக்கூட அது காட்டுவதில்லை. தங்கை மரியானேயின் வழியை யூலியானே ஏற்கவில்லை, எதிர்த்து வாதிடுகிறாள். மரியானே விட்டுச்சென்ற சிறுவன் தாயின் குற்றத்துக்காக மற்றவர்களால் தீக்காயம் படுத்தப்படுகிறான். விலை கொடுப்பது யார் என்பதைப் படம் மறைப்பதே இல்லை. புரிந்துகொள்ள முயல்வதையே ஆதரவு என்று கருதுகிறவர்கள் அன்றும் இருந்தார்கள், இன்றும் இருக்கிறார்கள். படத்தை நேர்மையாகப் பார்த்தால் அந்தக் குற்றச்சாட்டு நிற்காது.

அந்தச் சிறைச்சாலைக் காட்சியை எல்லாரும் பெரிசாச் சொல்றாங்களே, அதுல என்ன இருக்கு?

ஒரு காட்சி மட்டும் அல்ல, சந்திப்புகளின் தொடர். தொடக்கச் சந்திப்பில் மேசையின் இரு பக்கமும் உட்கார்ந்து பேசுகிறார்கள். இன்னொன்றில், காவலர்கள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே, சகோதரிகள் இருவரும் தங்கள் கம்பளிச் சட்டைகளைத் தலைவழியாகக் கழற்றி மாற்றிக்கொள்கிறார்கள். சிறுவயதில் உடுப்பு மாற்றிய பழக்கம் சட்டென்று திரும்புகிறது. காவலர்கள் தடுப்பதற்குள் முடிந்துவிடுகிறது.

கடைசிச் சந்திப்பில் நடுவில் கண்ணாடி. யூலியானேயின் முகம் கண்ணாடியில் விழுந்து மறுபக்கத்திலுள்ள மரியானேயின் முகத்தின் மேல் படிகிறது. ஒரு கணம் இரண்டும் ஒரே முகம். தொட்டுச் சட்டை மாற்றியவர்கள் இனித் தொடவே முடியாது என்பதும், பிரிக்கவே முடியாதவர்கள் என்பதும் அந்த ஒரே படச்சட்டத்தில் இருக்கின்றன. வசனம் தேவைப்படவில்லை. பெர்க்மனின் "பெர்சோனா"வைப் பார்த்தவர்களுக்கு இது எங்கிருந்து வருகிறது என்று தெரியும். பெர்க்மனும் பின்னாளில் இந்தப் படத்தைத் தனக்குப் பிடித்த படங்களில் ஒன்றாகச் சொன்னார்.

வெனிஸ்ல தங்கச் சிங்கம் வாங்குன முதல் பெண் இவங்கதானா? லெனி ரீஃபென்ஷ்டால் முன்னாடியே வாங்கலையா?

தங்கச் சிங்கம் பெற்ற முதல் பெண் இயக்குநர் ஃபொன் ட்ரொட்டாதான், 1981இல். யூட்டா லாம்பே, பார்பரா சூகோவா இருவருக்கும் நடிப்புக்காக அதே விழாவில் பரிசு கிடைத்தது. ரீஃபென்ஷ்டால் 1938இல் வாங்கியது முசோலினி கோப்பை. அப்போது தங்கச் சிங்கம் என்ற விருதே கிடையாது.

ரீஃபென்ஷ்டாலும் நடிகையாகத் தொடங்கி இயக்குநரானவர் என்பதால் இருவரையும் ஒரே மூச்சில் சொல்லும் வழக்கம் இருக்கிறது. மலைப் படங்களில் நடித்தவர், 1932இல் முதல் படத்தை இயக்கினார், பிறகு ஹிட்லர் ஆட்சிக்குப் பிரச்சாரப் படங்கள் எடுத்தார். ஃபொன் ட்ரொட்டாவின் படங்கள் அந்த ஆட்சி விட்டுச்சென்ற மௌனத்தைக் கிளறுபவை. தொழில் மாறிய விதம் ஒன்று என்பதற்காக இருவரையும் ஒரு தட்டில் வைக்கக் கூடாது.

அவருக்குப் பின் 1985இல் ஆன்யெஸ் வார்டா, 2001இல் "மான்சூன் வெட்டிங்" படத்துக்காக நம் மீரா நாயர் என்று அந்த வரிசை நீண்டது.

ஏன் எல்லாப் படத்துலயும் அக்கா தங்கச்சியே வர்றாங்க?

"சகோதரிகள், அல்லது மகிழ்ச்சியின் சமநிலை" (1979), மேலே பார்த்த 1981 படம், இத்தாலியில் எடுத்த "அச்சமும் அன்பும்" (1988), "தொலைந்த உலகம்" (2015) என்று உண்மையிலேயே பட்டியல் நீளம். சகோதரிகள் இல்லாத இடத்திலும் தோழிகள் அந்த இடத்தில் நிற்பார்கள்.

இதில் நெஞ்சைத் தொடும் ஒரு செய்தி உண்டு. ஃபொன் ட்ரொட்டா ஒற்றைப் பிள்ளையாக, தாயோடு மட்டும் வளர்ந்தவர். தனக்கு ஓர் அக்கா இருப்பது அவருக்குத் தாய் இறந்த பிறகுதான் தெரியவந்தது. தாய் தனக்கு முன்பே பெற்று, பிறர் வளர்க்கக் கொடுத்துவிட்ட பெண். சகோதரிகளைப் பற்றிய முதல் படம் அது தெரிவதற்கு முன்பே எழுதப்பட்டுவிட்டது. "தொலைந்த உலகம்" அந்த அனுபவத்திலிருந்து பிறந்தது.

"ரோசா லுக்சம்புர்க்" ஃபாஸ்பிண்டர் எடுக்க இருந்த படம்தானே?

அந்தத் திட்டம் அவரிடம் இருந்தது. 1982 ஜூனில் அவர் இறந்ததும் ஃபொன் ட்ரொட்டாவிடம் வந்தது. ஏற்கெனவே இருந்த திரைக்கதையை அவர் எடுத்துக்கொள்ளவில்லை. சோசலிசப் புரட்சியாளரான ரோசாவின் கடிதங்களை ஊன்றிப் படித்துப் புதிதாக எழுதினார். அதனால்தான் 1986இல் வந்த படத்தில் மேடையில் முழங்கும் தலைவியைவிட, சிறைத் தோட்டத்தில் செடிகளையும் பறவைகளையும் பார்த்துக்கொண்டிருக்கும் பெண் அதிகம் தெரிகிறார். சூகோவாவுக்குக் கான் விழாவில் சிறந்த நடிகைக்கான விருது கிடைத்தது.

ஏன் திரும்பத் திரும்ப பார்பரா சூகோவா?

1981இன் மரியானே, 1986இன் ரோசா, "விஷன்" (2009) படத்தில் 12ஆம் நூற்றாண்டுத் துறவி ஹில்டகார்ட், 2012இல் அகதியாக அமெரிக்கா சென்ற ஜெர்மன் யூதச் சிந்தனையாளர் ஹன்னா ஆரென்ட் என எல்லாம் ஒரே நடிகை. இந்தப் பெண்கள் எல்லோரும் சிந்திக்கிறவர்கள். திரையில் ஒருவர் சிந்திப்பதைக் காட்டுவது அழுவதைக் காட்டுவதைவிடக் கடினம். சூகோவாவின் முகத்தில் அது தெரியும். நடிகையாக இருந்தவர் என்பதால் ஃபொன் ட்ரொட்டாவுக்கு எவ்வளவு நேரம் முகத்தையே பார்த்துக்கொண்டிருக்கலாம் என்ற கணக்கும் தெரியும். "ஹன்னா ஆரென்ட்" படத்தில் சோபாவில் படுத்துச் சிகரெட் புகைத்துக்கொண்டிருப்பதைத் தவிர எதுவும் நடக்காத காட்சிகள் உண்டு. அவைதான் படத்தின் முதுகெலும்பு.

1990கள்ல ஆளையே காணோமே?

காணாமல் போகவில்லை. 1980களின் கடைசியில் இத்தாலிக்குப் போய் அங்கே படங்கள் எடுத்தார். மாஃபியாவை விசாரிக்கும் நீதிபதியின் மனைவியைப் பற்றிய "நீண்ட மௌனம்" (1993) அவற்றில் முக்கியமானது. பெர்லின் சுவர் பிரித்த காதலர்களின் கதையான "வாக்குறுதி" 1995 பெர்லின் விழாவின் தொடக்கப் படம்.

அதன் பிறகு சில ஆண்டுகள் திரையரங்குப் படத்துக்குப் பணம் திரளவில்லை, தொலைக்காட்சிக்கு வேலை செய்தார். ஊவே யோன்சனின் பெருநாவலை 2000இல் நான்கு பாகங்களாக எடுத்தது அப்போதுதான். இந்தக் காலத்தை வீழ்ச்சி என்று எழுதுகிறவர்களோடு எங்களுக்கு உடன்பாடு இல்லை.

"ரோசன்ஷ்ட்ராசெ" படத்துல வரலாறு சரியா இருக்கா?

சம்பவம் உண்மை. 1943 பிப்ரவரி இறுதியில் பெர்லினில் யூதர்களைக் கூட்டமாகப் பிடித்தபோது, யூதரல்லாத பெண்களை மணந்த ஆண்கள் ரோசன்ஷ்ட்ராசெ தெருவிலுள்ள கட்டடத்தில் அடைக்கப்பட்டார்கள். மனைவிமார் நாள்கணக்காக வாசலில் நின்றார்கள். பெரும்பாலானோர் விடுவிக்கப்பட்டார்கள். அந்தப் பெண்கள் நின்றதால்தான் விடுவித்தார்களா, அவர்களை நாடு கடத்தும் எண்ணமே அப்போது இல்லையா என்பதில் வரலாற்றாசிரியர்கள் மோதிக்கொண்டார்கள். 2003இல் படம் வந்ததும் அந்த விவாதம் சூடுபிடித்தது.

கோயபல்ஸ் வரும் பகுதி கற்பனை, படத்தின் பலவீனமான இடமும் அதுவே. ஆனால் குளிரில் நிற்கும் பெண்களின் கூட்டம் மெல்ல மெல்லப் பெருகுவதைக் காட்டிய விதத்தில் குறை சொல்ல முடியாது. காட்யா ரீமனுக்கு வெனிஸில் சிறந்த நடிகை விருது கிடைத்தது.

"ஹன்னா ஆரென்ட்"ல ஐக்மனா நடிச்சது யாரு?

யாரும் இல்லை. யூதர்களை வதைமுகாம்களுக்கு அனுப்பிய நாஜி அதிகாரி ஐக்மன் மீது நடந்த 1961 ஜெருசலேம் விசாரணையில் பதிவான உண்மையான கறுப்பு வெள்ளைக் காட்சிகளையே பயன்படுத்தினார். நடிகர் ஒருவர் நன்றாக நடித்துவிட்டால் பார்ப்பவர்கள் நடிப்பைத்தான் வியப்பார்கள். ஆரென்ட் கண்டதோ சளிபிடித்து மூக்கைச் சிந்திக்கொண்டு அலுவலக மொழியில் கோப்பு ஓட்டுகிறவர்போல் பேசும் ஒரு சாதாரண மனிதனை. அந்தச் சாதாரணம் திரையில் தெரிய உண்மைப் பதிவுதான் வழி.

இந்தப் படத்தை மொழிமாற்றம் செய்த பதிப்பில் பார்க்காதீர்கள். நியூயார்க் வீட்டில் ஜெர்மன் பேசிக்கொண்டிருப்பவர்கள் விருந்தாளி வந்ததும் ஆங்கிலத்துக்கு மாறுவதும், ஆரென்டின் ஆங்கிலத்தில் ஜெர்மன் வாடை அடிப்பதும் அகதி வாழ்க்கையின் அடையாளங்கள். எல்லாரும் ஒரே மொழியில் பேசிவிட்டால் அது அழிந்துபோகும். மூல ஒலியும் வசன வரிகளும் உள்ள பதிப்புதான் சரி.

எங்கேயிருந்து தொடங்கலாம்?

முதலில் "கத்தரினா ப்ளூம்", சுமார் 106 நிமிடம். கதை வேகமாக ஓடும், பின்னணி அறிவு தேவையில்லை. அடுத்து "கிறிஸ்டா கிளாகெஸ்". மூன்றாவதாக "ஈய காலம்". அதற்கு முன் செம்படைப் பிரிவு பற்றி ஒரு பக்கமாவது படித்துவிடுங்கள், இல்லாவிட்டால் பாதி விளங்காது. பிறகு "ஹன்னா ஆரென்ட்". பிடித்துப்போனால் மட்டும் "சகோதரிகள்". அது மெதுவான, இருண்ட படம். அதிலிருந்து தொடங்கியவர்கள் பலர் அங்கேயே நின்றுவிடுகிறார்கள். நடிகையாகப் பார்க்க வேண்டுமென்றால் "அமெரிக்கச் சிப்பாய்", "டெர் ஃபாங்ஷூஸ்".

சமீபத்துல என்ன செஞ்சிருக்காங்க?

2018இல் பெர்க்மனைப் பற்றி ஓர் ஆவணப்படம். பாரிஸில் பார்த்த "ஏழாவது முத்திரை" எடுக்கப்பட்ட சுவீடன் கடற்கரைக்கே போய் அதைத் தொடங்குகிறார். இணை இயக்குநர்களில் ஒருவர் அவருடைய மகன் ஃபெலிக்ஸ் மோலர். 2022இல் ஐரோப்பியத் திரைப்பட அகாடமியின் வாழ்நாள் சாதனை விருது. 2023இல் கவிஞர் இங்கபோர்க் பாக்மன் பற்றிய படம். பாக்மனாக விக்கி க்ரீப்ஸ் நடித்தார்.

ஜெர்மனியில இதே வழியில வந்த நடிகை வேற யாராவது இருக்காங்களா?

மரியா ஷ்ராடர். நடிகையாகத் தொடங்கி, திரைக்கதை எழுதி, பிறகு இயக்கத்துக்கு வந்தவர். 2007இல் முதன்முறையாகத் தனியே ஒரு படத்தை இயக்கினார். "அன்ஆர்த்தடாக்ஸ்" தொடருக்காக 2020இல் எம்மி விருது வாங்கினார். 2003இல் வந்த "ரோசன்ஷ்ட்ராசெ"யில், தாய் மறைத்த கடந்தகாலத்தைத் தேடி நியூயார்க்கிலிருந்து பெர்லினுக்கு வரும் மகளாக நடித்திருப்பவர் அவர்தான்.